முதுகுக்குப் பின்னால் கட்டிய கைகள்

1988 செப்டம்பரில் சிலி நாட்டுத் தொலைக்காட்சியில் ஒரு வயதான பெண்மணி பேசினார். இரவு பத்தே முக்கால் மணிக்கு ஒளிபரப்பான, ராணுவ ஆட்சி நீடிக்கலாமா, வேண்டாமா என்ற பொது வாக்கெடுப்புக்கான பிரசார நிகழ்ச்சி அது. சாதாரண வீட்டு வரவேற்பறை, நாற்காலியில் ஓர் அம்மா, எதிரே கேமரா, அவ்வளவுதான். தன்னை வீட்டிலிருந்து இழுத்துப் போனார்கள், கண்ணைக் கட்டி எங்கோ கொண்டுபோய்ச் சித்திரவதை செய்தார்கள், கணவர் மீதும் பிள்ளைகள் மீதும் உள்ள மரியாதையால் நடந்த எல்லாவற்றையும் வீட்டில் சொல்லவில்லை என்றார். உடம்பில் பட்ட காயம் ஆறிவிடும், மனதில் பட்டது ஆறாது என்ற பொருளில் பேசி முடித்தார். குரல் உயரவில்லை. பிறகு கேமரா மெல்ல நகர்ந்தது. பக்கத்தில் சுருள்முடியும் தடித்த மீசையுமாக ஒருவர் உட்கார்ந்திருந்தார். சிலியில் அவரைத் தெரியாதவர் இல்லை. இதனால்தான் என் ஓட்டு ‘வேண்டாம்’ என்பதற்கு என்று சொல்லிவிட்டு, இந்த அம்மா என் தாய் என்றார். அவர் கார்லோஸ் காசெலி. கோலோ கோலோ கிளப்பின் முன்கள வீரர்; தேசிய அணிக்காக 49 ஆட்டங்களில் 29 கோல் அடித்தவர்.

ஓய்வுபெற்ற விளையாட்டு வீரர்களைப் பற்றிய ஆவணப்படங்களுக்கு இன்று பஞ்சமில்லை. ஓடிடி தளங்களைத் திறந்தால் வரிசையாக வருகின்றன. அவற்றில் பல, அந்த வீரரின் சொந்த நிறுவனத்தின் பங்களிப்போடு தயாரானவை. 2023-இல் வந்த டேவிட் பெக்காம் தொடரின் தயாரிப்பில் பெக்காமின் ஸ்டூடியோ 99 நிறுவனத்துக்கும் பங்கு உண்டு. அதைக் குற்றமாகச் சொல்லவில்லை. தன் கதையைத் தானே சொல்லிக்கொள்ளும் உரிமை எவருக்கும் உண்டு. ஆனால் அப்படிப்பட்ட படங்களைப் பார்த்துப் பார்த்து, ஆட்டம் முடிந்த வீரர் கேமரா முன்னால் உட்கார்ந்தாலே அது பழம்பெருமை பேசத்தான் என்று நாம் பழகிவிட்டோம். காசெலியின் வாழ்க்கை வேறொன்றைக் காட்டுகிறது. வீரரின் பேச்சு சாட்சியமாகவும் இருக்க முடியும். சாட்சியம் என்றால் அதைச் சாட்சியமாகவே நிறுத்துப் பார்க்க வேண்டும்: எப்போது சொன்னார், சொன்னதால் என்ன இழக்க நேர்ந்திருக்கும், தனக்கு எதிரானதையும் சொன்னாரா, தன்னைத் தவிர வேறு யாருக்காவது இடம் விட்டாரா. இந்தக் கேள்விகளைக் காசெலியிடம் கேட்டால் அவர் பெரும்பாலும் தேறுகிறார், சில இடங்களில் தடுமாறுகிறார். அந்தத் தடுமாற்றத்தையும் சேர்த்துத்தான் அவரைப் பார்க்க வேண்டும்.

1950 ஜூலை 5 அன்று சாண்டியாகோவில் பிறந்தவர். தந்தை ரயில்வே தொழிலாளி; அந்த வழியில் ஹங்கேரிய வேர் உண்டு, குடும்பப் பெயர் அங்கிருந்து வந்தது. தாய் ஒல்கா கரீடோ. சிலியில் மிக அதிக ரசிகர்களைக் கொண்ட கோலோ கோலோவில் 1967-இல் ஆடத் தொடங்கினார். பெரிய உயரமில்லை. ஆனால் கோல் பகுதிக்குள் நெருக்கடியில் பந்து காலுக்கு வந்துவிட்டால் காப்பாளர்கள் திரும்புவதற்குள் வேலை முடிந்துவிடும். ‘ஒரு சதுர மீட்டரின் அரசன்’ என்று ரசிகர்கள் வைத்த பெயர் அதனால் வந்ததுதான். 1970-இல் சால்வடார் அயெந்தே வாக்குப்பெட்டி வழியாக அதிபரானபோது காசெலிக்கு இருபது வயது. அயெந்தேயின் மக்கள் ஒற்றுமைக் கூட்டணியை அவர் வெளிப்படையாக ஆதரித்தார். நட்சத்திரமாகிக்கொண்டிருந்த ஒரு வீரர், நாடே இரண்டாகப் பிளந்து கிடந்த நேரத்தில் ஒரு பக்கம் நின்று பேசியது சிறிய காரியம் அல்ல.

1973-ஆம் ஆண்டு கோலோ கோலோவுக்குப் பொற்காலம், சிலிக்கு இருண்ட காலம். அந்த ஆண்டு லிபர்ட்டடோரெஸ் கோப்பையின் இறுதியாட்டம் வரை சென்ற முதல் சிலி கிளப் கோலோ கோலோ. பயிற்சியாளர் லூயிஸ் ஆலாமோஸ், அணித்தலைவர் பிரான்சிஸ்கோ வால்தேஸ். போட்டியிலேயே அதிக கோல் அடித்தவர் காசெலி, மொத்தம் 9. அர்ஜென்டினாவின் இன்டிபென்டியென்டே அணியுடன் இறுதிச் சுற்றின் முதல் இரண்டு ஆட்டங்களும் சமனில் முடிய, ஜூன் 6 அன்று மோன்டேவிடியோவில் மூன்றாவது ஆட்டம் நடந்தது. அதில் கோலோ கோலோவின் கோலை அடித்தவரும் அவரே. கூடுதல் நேரத்தில் 2–1 என்று தோற்றார்கள். இந்த அணி வென்றுகொண்டிருந்த வரை மக்கள் பிளவை மறந்து ஒன்றாக நின்றார்கள், அதனால் ராணுவக் கவிழ்ப்பு சில மாதம் தள்ளிப்போனது என்று சிலியில் ஒரு நம்பிக்கை உண்டு. லூயிஸ் உருட்டியா ஓநெல் என்ற பத்திரிகையாளர் அதையே தலைப்பாக்கி நூல் எழுதியிருக்கிறார். இதை நிரூபிக்க வழியில்லை. தளபதிகள் கால்பந்து அட்டவணையைப் பார்த்து நாள் குறித்திருப்பார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. ஆனாலும் மக்கள் அப்படி நம்பியதில் ஒரு செய்தி இருக்கிறது. நாட்டில் எல்லோரும் ஒன்றுகூடக் கடைசியாக மிஞ்சிய இடம் மைதானத்தின் படிக்கட்டுகள்தான்.

செப்டம்பர் 11 அன்று அதிபர் மாளிகை மீது விமானங்கள் குண்டு வீசின. அயெந்தே இறந்தார். தளபதி அகுஸ்டோ பினோசே தலைமையிலான ராணுவக் குழு ஆட்சியைப் பிடித்தது. அடுத்த நாட்களில் சாண்டியாகோவின் தேசிய விளையாட்டரங்கம் சிறையானது. ஒரு கட்டத்தில் சுமார் 7,000 பேர் அங்கே அடைபட்டிருந்ததாகச் செஞ்சிலுவைச் சங்கத்தின் கணக்கு. உடைமாற்றும் அறைகளிலும் படிக்கட்டுக்குக் கீழே இருந்த நடைகளிலும் ஆட்களை அடைத்தார்கள். பக்கத்துக் கட்டடங்களில் விசாரணை என்ற பெயரில் சித்திரவதை நடந்தது. இதற்கு நடுவே உலகக் கோப்பைத் தகுதிச்சுற்றில் சிலிக்கும் சோவியத் ஒன்றியத்துக்கும் இரண்டு ஆட்டங்கள் இருந்தன. செப்டம்பர் 26 அன்று மாஸ்கோவில் நடந்தது 0–0. இரண்டாவது ஆட்டம் இதே அரங்கில். ரத்தம் சிந்திய மைதானத்தில் ஆட மாட்டோம் என்றது சோவியத் தரப்பு. ஃபிஃபா அக்டோபரில் ஆய்வுக்கு ஆட்களை அனுப்பியது. அவர்கள் வந்தபோது கைதிகளை அரங்கின் உள்ளே ஒதுக்கி மறைத்துவைத்தார்கள். புல்லைப் பார்த்த ஃபிஃபா குழு எல்லாம் சரியாக இருப்பதாக எழுதிக்கொடுத்துவிட்டுப் போனது.

நவம்பர் 21 அன்று நடந்ததைக் கால்பந்தாட்டம் என்று சொல்ல வாய் வரவில்லை. எதிரணி இல்லாத மைதானத்தில் சிலி வீரர்கள் இறங்கினார்கள். நடுவர் ஊதினார். தங்களுக்குள் பந்தைத் தட்டிக்கொண்டே போய், ஆளில்லாத வலைக்குள் வால்தேஸ் அதை உருட்டிவிட்டார். மறுபடி தொடங்க எதிரணி இல்லாததால் ஆட்டம் முடிந்தது. வந்த கூட்டத்தை ஏமாற்றாமல் இருக்க பிரேசிலின் சாண்டோஸ் அணியோடு ஒரு நட்பு ஆட்டம் ஆடினார்கள். அதில் சிலி 5–0 என்று தோற்றது. அந்த ஆளில்லாத வலையை நோக்கி நடந்த வீரர்களில் காசெலியும் ஒருவர். அவரைப் போற்றுகிறவர்கள் இந்த இடத்தை வேகமாகத் தாண்டிவிடுகிறார்கள். தாண்டக்கூடாது. சர்வாதிகாரத்தை எதிர்த்தவர் என்றால் அன்றைக்கு ஏன் மைதானத்தில் இறங்கினார் என்று கேட்பது நியாயமான கேள்வி. இறங்காமல் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று ஊகித்து அவரைக் காப்பாற்றவும் நான் விரும்பவில்லை. அவருக்குச் சாதகமாக நான் சொல்வது ஒன்றே ஒன்றுதான்: பின்னாளில் அந்த நாளைப் பற்றிப் பேசும்போது தன்னை அதிலிருந்து அவர் விலக்கிக்கொள்ளவில்லை. அது உலகமே பார்த்த கேலிக்கூத்து, அதில் நாங்கள் பங்கெடுத்தோம் என்றே பேசுகிறார். தன் குற்றத்தையும் கணக்கில் சேர்த்துச் சொல்கிறவரின் மற்றச் சொற்களுக்கும் எடை கூடுகிறது.

அடுத்த ஆண்டு நடந்ததுதான் அவரை ஆவணப்படக்காரர்கள் தேடி வரக் காரணம். 1974 உலகக் கோப்பைக்கு மேற்கு ஜெர்மனி புறப்படும் முன் தேசிய அணியை வழியனுப்பப் பினோசே வந்தார். காசெலி அதை விவரிக்கும் விதம் எப்போதும் ஒன்றுதான்: கதவு திறக்கிறது, பூட்ஸ் சத்தம் கேட்கிறது, மேலங்கியும் கறுப்புக் கண்ணாடியுமாக ஒருவர் வரிசையின் ஒரு முனையிலிருந்து கைகுலுக்கிக்கொண்டே வருகிறார். அவர் நெருங்க நெருங்க, காசெலி தன் கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொள்கிறார். நீட்டிய கை காற்றில் நிற்கிறது. பினோசே அடுத்தவரிடம் நகர்கிறார். தன் முதுகுக்குப் பின்னால் துன்பப்படும் ஒரு நாடே நின்றது, அதனால் மனிதனாக வேறெதுவும் செய்ய முடியவில்லை என்பது அவர் சொல்லும் காரணம்.

ஜூன் 14 அன்று பெர்லின் ஒலிம்பிக் அரங்கில் மேற்கு ஜெர்மனியுடன் முதல் ஆட்டம். தன்னை விடாமல் உதைத்துக்கொண்டிருந்த பெர்ட்டி ஃபோக்ட்ஸைக் காசெலி திருப்பித் தாக்கினார். துருக்கி நடுவர் டோகான் பாபாஜான் சிவப்பு அட்டையை உயர்த்தினார். அட்டைமுறை 1970-இலேயே வந்துவிட்டாலும் உலகக் கோப்பையில் சிவப்பு அட்டை வாங்கிய முதல் வீரர் காசெலிதான். இன்றும் வினாடிவினாப் புத்தகங்களில் அவர் பெயர் அதற்காக நிற்கிறது. எட்டு ஆண்டுகள் கழித்து, 1982 உலகக் கோப்பையில் ஆஸ்திரியாவுக்கு எதிராகக் கிடைத்த பெனால்டியைக் கம்பத்துக்கு வெளியே அடித்தார். சிலி 0–1 என்று தோற்றது. மற்ற இரண்டு ஆட்டங்களிலும் தோற்றுத் திரும்பியது. ஒரு தலைமுறைக்கே அவர் பெனால்டியைக் கோட்டைவிட்டவர் ஆனார். லெவாந்தேயிலும் எஸ்பான்யோலிலும் ஆடிய ஸ்பெயின் ஆண்டுகள், 1978-இல் கோலோ கோலோவுக்குத் திரும்பியது, 1979 கோபா அமெரிக்காவில் சிலி இரண்டாமிடம் பெற்றபோது சிறந்த வீரராகத் தேர்வானது எல்லாம் அந்த ஒரு உதைக்குப் பின்னால் மறைந்துபோயின. ரசிகனின் நினைவு இப்படித்தான் கொடுமையானது. தொழிலின் பதினெட்டு ஆண்டுகளை ஒரு நொடியில் சுருக்கிவிடும்.

கைகுலுக்க மறுத்ததற்கு இப்போது திரும்பி வருவோம். அதற்கு எதிராக இரண்டு வலுவான வாதங்கள் உண்டு. முதலாவது: காசெலி அப்போது ஸ்பெயினில் ஆடிக்கொண்டிருந்தார், சம்பளமும் வீடும் அங்கே, ஆபத்து அவருக்கு இல்லை. விலையைக் கொடுத்தது சாண்டியாகோவில் இருந்த தாய். தான் செய்ததற்குப் பழிவாங்கவே தாயைப் பிடித்துப்போனார்கள் என்பது காசெலியின் உறுதியான எண்ணம். ஊர் திரும்பிய அவரிடம் தாய் நடந்ததைச் சொன்னபோது, இதில் விளையாடாதே அம்மா என்று முதலில் நம்ப மறுத்ததாகவும், உடம்பில் இருந்த தீக்காயங்களைக் கண்ட பிறகே நம்பியதாகவும் அவர் சொல்கிறார். இந்த வாதத்தை நான் முழுதாக ஏற்கிறேன். வீரச் செயல்களைப் பற்றிய கதைகளில் அதிகம் பேசப்படாத உண்மை இது: துணிந்தவர் ஒருவர், அடிபட்டவர் வேறொருவர், அடிபட்டவரிடம் யாரும் அனுமதி கேட்கவில்லை. அதற்காக மறுத்தது தவறு என்று ஆகிவிடாது. ஒரு தாயைப் பிடித்து வதைத்த குற்றம், வதைத்தவர்களுடையது. கையை நீட்டாத மகன் மீது அதை ஏற்றினால், ஆட்சி எதிர்பார்த்ததை நாமே செய்து முடித்தவர்களாவோம். ஆனால் அந்தக் கடனை உணர்ந்தாரா என்று மகனிடம் கேட்கலாம். அதற்குப் பதில்தான் 1988-இன் அந்த வரவேற்பறை.

அந்தப் பதிவின் அமைப்பைக் கொஞ்சம் கவனியுங்கள். நாடறிந்த நட்சத்திரம் வீட்டில் இருக்கிறார். விளம்பர உலகம் அறிந்த எவரும் முதலில் அவர் முகத்தைத்தான் காட்டுவார்கள். இங்கே முதலில் தாய். அவர் யாருடைய தாய் என்று தெரியாத நிலையில் நாடு அவரைக் கேட்கிறது. பக்கத்து வீட்டு அம்மா ஒருவர் பேசுவதுபோல் கேட்கிறது. பேசி முடித்த பிறகே மகன் வருகிறார், அதுவும் சில வாக்கியங்களுக்குத்தான். முதலிலேயே காசெலியைக் காட்டியிருந்தால் எதிர்த்தரப்பினர் இது அந்தச் சிவப்புக்காரன் என்று காதை மூடிக்கொண்டிருப்பார்கள். தாயின் சொல்லைக் கேட்டு முடித்த பிறகு மகனை வெறுப்பது கடினம். அரசியல் பிரசாரத்தில் இப்படி ஒரு நேர்மையான உத்தியை நான் வேறெங்கும் கண்டதில்லை. பினோசே இன்னும் எட்டு ஆண்டு நீடிக்கலாமா, வேண்டாமா என்ற பொது வாக்கெடுப்புக்காக 27 இரவுகள் இரு தரப்புக்கும் தலா 15 நிமிடம் ஒதுக்கியிருந்தார்கள். ‘வேண்டாம்’ தரப்பு வானவில் சின்னத்தோடு மகிழ்ச்சியை முன்வைத்துப் பேசியது. அந்த மகிழ்ச்சிக்கு நடுவே ஒல்கா கரீடோவின் இரண்டு நிமிடம் இருந்தது.

அது எப்போது சொல்லப்பட்டது என்பதும் முக்கியம். பதிவான நாளில் முடிவு யாருக்கும் தெரியாது. பினோசே அதிபராகவே இருந்தார். தோற்ற பிறகும் 1990 மார்ச் வரை பதவியிலும், 1998 வரை தரைப்படைத் தலைமையிலும் நீடித்தார். ஜனநாயகம் திரும்பிய பின் 1991-இல் வந்த ரெட்டிக் அறிக்கை கொல்லப்பட்டவர்களையும் காணாமல் ஆக்கப்பட்டவர்களையும் மட்டுமே பதிவு செய்தது. சித்திரவதைக்கு ஆளாகி உயிர் பிழைத்தவர்களுக்கு அதில் இடமில்லை. அவர்களை அரசு எண்ணத் தொடங்கியது 2004-இல் வாலெச் அறிக்கையில்தான். 27,000-க்கும் மேற்பட்டோர் அதில் இடம்பெற்றார்கள். அந்த அறிக்கைக்குப் பதினாறு ஆண்டுகள் முன்பே, தன் வீட்டுக் கூடத்திலிருந்து நாட்டுக்கு முன்னால் அதைச் சொல்லிவிட்டார் ஒல்கா. மகனின் புகழ் இல்லாவிட்டால் அந்த மேடை அவருக்குக் கிடைத்திருக்காது. ஒரு கால்பந்து வீரரின் புகழுக்கு இதைவிடப் பெரிய பயன் இருந்திருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை.

இரண்டாவது வாதம் நினைவைப் பற்றியது. கைகுலுக்க மறுத்த காட்சியை நாம் அறிவது பெரும்பாலும் காசெலியின் வாய்மொழியாகத்தான். பலமுறை சொல்லச் சொல்ல எந்தக் கதையும் மெருகேறும். மேலங்கி, கறுப்புக் கண்ணாடி, பூட்ஸ் சத்தம் எல்லாம் திரைப்பட வில்லனின் வருகைபோலவே இருக்கிறதே என்று ஒருவர் ஐயப்படலாம். 1985-இல் ஓய்வுபெறும்போது பினோசேயை மறுபடி சந்தித்ததாகவும், தன் சிவப்பு டையைப் பார்த்து அவர் விரல்களால் கத்தரிப்பதுபோல் காட்டியதாகவும் காசெலி சொல்வதும் அந்த வகைதான். வாய்மொழி வரலாற்றை அப்படியே விழுங்க வேண்டியதில்லை. கண்ணாடி கறுப்பா, சத்தம் எவ்வளவு என்பது நினைவின் சாயமாக இருக்கலாம். அதை நீக்கிவிட்டுப் பார்த்தாலும் மிஞ்சுவது வலுவானது. அதே ஆண்டு அக்டோபரில் தேசிய அரங்கில் நடந்த அவருடைய பிரியாவிடை ஆட்டத்தில் கூட்டம் ஆட்சிக்கு எதிராக முழக்கமிட்டது. சிறையாக இருந்த அதே படிக்கட்டுகளில், பயந்து வாழ்ந்த மக்கள் ஒரு வீரரின் பெயரைச் சாக்காக வைத்து வாய் திறந்தார்கள். காசெலி எந்தப் பக்கம் நின்றார் என்பதில் ஆட்சிக்கோ மக்களுக்கோ ஐயம் இருந்ததில்லை.

2012-இல் பிரான்சின் ஆர்ட்டே தொலைக்காட்சிக்காக ஜில் ரோஃப், ஜில் பெரெஸ் இருவரும் இயக்கிய தொடர் அவரை உலகத்துக்குக் கொண்டுபோனது. தொகுத்து வழங்கியவர் முன்னாள் வீரர் எரிக் கான்டோனா. ஐந்து கலகக்காரர்கள்: ஐவரி கோஸ்டின் தீதியே ட்ரோக்பா, அல்ஜீரியாவின் ரஷீத் மெக்லூஃபி, சரயேவோவின் பிரெத்ராக் பாஷிச், பிரேசிலின் சாக்ரட்டீஸ், சிலியின் காசெலி. பின்னர் அல் ஜசீராவும் அதை ஒளிபரப்பியது. அதே 2012-இல் பாப்லோ லராயின் அந்த வாக்கெடுப்புப் பிரசாரத்தையே கதையாக்கி ‘நோ’ என்ற திரைப்படம் எடுத்தார். எண்பதுகளின் பழைய வீடியோ கேமராவிலேயே முழுப் படத்தையும் எடுத்ததால் உண்மைப் பதிவு எங்கே முடிகிறது, நடிப்பு எங்கே தொடங்குகிறது என்று கண்ணுக்குப் பிடிபடாது. அது கலை. ஆனால் சாட்சியத்துக்கு அந்த எல்லை தெளிவாகத் தெரிய வேண்டும். அதனால்தான் படத்தைப் பார்த்தவர்கள் மூலப் பதிவையும் தேடிப் பார்ப்பது அவசியம்.

2021-இல் வந்த பெலே ஆவணப்படத்தையும் இங்கே நினைக்கத் தோன்றுகிறது. நடைவண்டியைத் தள்ளிக்கொண்டு வந்து உட்காரும் பெலேயிடம் பிரேசிலின் ராணுவ ஆட்சிக் காலத்தைப் பற்றிக் கேட்கிறார்கள். தன் ஆட்டத்தில் எதுவும் மாறவில்லை என்ற அளவில்தான் அவர் பதில் நிற்கிறது. அதே படத்தில் அவருடைய சக வீரர் பாவ்லோ சேசார் காஜு அந்த மௌனத்தைக் கடுமையாக விமர்சிக்கிறார். பெலேயைக் காசெலியோடு ஒப்பிட்டுத் தாழ்த்துவது நியாயமில்லை. உலகமே தோளில் ஏறி உட்கார்ந்திருந்த மனிதர் அவர். ஆனால் விமர்சகருக்கும் இடம் கொடுத்த அந்தப் படத்தில், பெலேயின் தயக்கமே ஒரு சாட்சியம் ஆகிவிட்டது. நட்சத்திரத்தைச் சுற்றி வேறு குரல்கள் ஒலிக்கும்போதுதான் விளையாட்டு ஆவணப்படம் நம்பத்தக்கதாகிறது.

விளையாட்டில் அரசியலைக் கலக்காதீர்கள் என்போருக்கு நீண்ட பதில் தேவையில்லை. மைதானத்தைச் சிறையாக்கியது காசெலி அல்ல. ஆளில்லாத வலைக்குக் கோல் அடிக்க வைத்ததும் அவர் அல்ல.

1988 அக்டோபர் 5 அன்று ‘வேண்டாம்’ தரப்புக்கு ஏறத்தாழ 56 விழுக்காடு வாக்கு கிடைத்தது. இரண்டு நிமிடப் பதிவு எத்தனை வாக்கைத் திருப்பியது என்று எந்தக் கணக்கும் சொல்லாது. சொல்லத் தேவையும் இல்லை. தேசிய அரங்கின் எட்டாம் எண் வாயிலுக்கு மேலே பழைய மரப்பலகை இருக்கைகளைக் கைதிகளின் நினைவாக அப்படியே விட்டுவைத்திருக்கிறார்கள். ஆட்ட நாளிலும் அங்கே யாரும் உட்காருவதில்லை. கான்டோனாவின் தொடரில் காசெலியைப் பற்றிய பகுதியின் தலைப்பில் இருப்பவை காசெலி, அயெந்தே என்ற இரண்டு பெயர்கள். ஒல்கா கரீடோவின் பெயரும் அங்கே இருந்திருக்க வேண்டும்.